குளிக்க வாங்க, பெரியப்பா

எங்கள் அம்மா பெரியப்பாவிடம் நேருக்கு நேர் ஒரு வார்த்தை பேசியதில்லை. கணவனுக்கு அண்ணன் முறை ஆகிறவர் முன்னால் நின்று வாய் திறந்து பேசக்கூடாது என்பது எங்கள் பக்கத்து வழக்கம். அவர் வாசலுக்கு வந்தால் அம்மா கதவோரம் ஒதுங்கி, என்னைப் பார்த்துத்தான் பேசுவாள். "பெரியப்பாவ உக்காரச் சொல்லு பாப்பா." அவரும் என்னைப் பார்த்தே பதில் சொல்வார். "இருக்கட்டும்னு சொல்லு உங்கம்மாகிட்ட." இருவருக்கும் நடுவே நாலு அடிகூட இருக்காது. ஒருவர் சொன்னது மற்றவருக்கு நன்றாகவே காதில் விழும். ஆனாலும் என் வாய் வழியாகப் போய் வந்தால்தான் அது பேச்சு. எனக்கு அதில் ஏகப்பட்ட பெருமை. இந்த மரியாதை துளியும் குறையாமல், ஒரு வார்த்தைகூட வையாமல், ஒரு மாசி மாதத்தில் அம்மா அவரைப் படுத்திய பாட்டைத்தான் சொல்ல வந்தேன்.

பெரியப்பா அப்பாவின் உடன்பிறந்தவர் இல்லை, பெரிய தாத்தா வழி அண்ணன். ஊருக்கு மேற்கே வாய்க்கால் கரையில் இருந்த ரைஸ் மில் அவருடையது. சுற்றுவட்டாரத்து நெல்லெல்லாம் அங்கேதான் அவிக்கவும் அரைக்கவும் போகும். அப்பா அந்த மில்லில் லாரி ஓட்டினார். எங்கள் தெருவில் பாதி வீட்டுக்கு மில்லில்தான் பிழைப்பு. பெரியப்பா கெட்டவர் என்று யாரும் சொல்லிவிட முடியாது. தம்பி பிறந்தபோது நடு மழையில் அம்மாவைத் தன் காரில் வைத்து ஆஸ்பத்திரிக்கு ஓட்டிப் போனவர் அவர். அவர் நல்லவர் என்பதுதான் எங்களுக்குப் பெரிய சங்கடமாக இருந்தது.

நெல்லை ஊறப்போட்டு அவித்த பிறகு வடியும் தண்ணீர் இருக்கிறதே, அதன் நாற்றத்தைச் சொல்லி விளங்க வைக்க முடியாது. புளித்த கஞ்சியில் செத்த எலி கிடந்தது போல என்று சொல்லலாம், அதுவும் குறைச்சல்தான். அந்தத் தண்ணீரை மில்காரர்கள் ஒரு சிமெண்டுக் குழாய் வழியாக வாய்க்காலில் விட்டார்கள். கூடவே உமிச் சாம்பலும் வந்து கறுப்பாக மிதக்கும். ஆற்றில் தண்ணீர் ஓடுகிற மாதங்களில் அது தெரியாது. எங்கள் அசிங்கத்தைக் கீழே இருக்கிற ஊர்களுக்கு அனுப்பிவிட்டு நாங்கள் சும்மா இருந்தோம். தை மாதம் மேட்டூர் அணையை மூடியதும் வாய்க்கால் ஓட்டம் நின்றுபோகும். சம்பா அறுவடை நெல் மில்லில் வந்து குவிகிறதும் அப்போதுதான். அதனால் எங்கள் படித்துறையில் தேங்கி நிற்பது முக்கால்வாசி மில் தண்ணீராகவே இருக்கும். தெருக் குழாயில் குடிக்கத்தான் தண்ணீர் வரும், அதுவும் கொஞ்ச நேரம். குளிக்க, துணி துவைக்க, மாடு கழுவ எல்லாவற்றுக்கும் அந்த வாய்க்கால்தான்.

தம்பிக்கு அப்போது பால்வாடிக்குப் போகிற வயது. முதலில் முழங்காலுக்குக் கீழே சின்னச் சின்னதாகக் கொப்புளம் கிளம்பியது. சொறிந்து சொறிந்து புண்ணாகி, புண்ணில் சீழ் வைத்து, ராத்திரி எல்லாம் அழுவான். அம்மா ஒரு பழைய துணியை அவன் கைகளில் சுற்றி, நகம் படாமல் கட்டிவைப்பாள். பால்வாடி ஆயா, ஆறின பிறகு கூட்டி வரச் சொல்லித் திருப்பி அனுப்பிவிட்டார். கும்பகோணத்தில் தோல் டாக்டரிடம் காட்டினோம். அவர் காலைப் பார்த்துவிட்டு எந்தத் தண்ணீரில் குளிப்பாட்டுகிறீர்கள் என்று கேட்டார். அம்மா அப்பாவைப் பார்த்தாள். அப்பா சுவரில் இருந்த காலண்டரைப் பார்த்தார். தண்ணீரை மாற்றாமல் களிம்பு மட்டும் போட்டால் ஆறாது என்று டாக்டர் சொல்லிவிட்டார்.

தெருவில் தம்பிக்கு மட்டும் இல்லை இந்தப் புண். துணி துவைக்கிற பெண்கள் காலில், மாடு குளிப்பாட்டுகிறவர்கள் கையில், எல்லாருக்கும் இருந்தது. தெரு ஆண்கள் சேர்ந்து மனு எழுதிக் கொடுத்தார்கள். ஆபீசர் ஒருவர் ஜீப்பில் வந்தார். ஒரு பாட்டிலில் வாய்க்கால் தண்ணீரைப் பிடித்துக்கொண்டார், பெரியப்பா வீட்டில் இலை போட்டுச் சாப்பிட்டார், கிளம்பிப் போனார். அந்தப் பாட்டிலைப் பற்றி அதற்குப் பிறகு ஒரு தகவலும் இல்லை.

அம்மா முறையாக என்னைத் தூது அனுப்பினாள். மில் ஆபீஸில் போய் நின்று, தண்ணீரை வாய்க்காலில் விட வேண்டாம் என்று அம்மா சொன்னதாக ஒப்பித்தேன். பெரியப்பா சிரித்தார். "அரிசி வெந்த தண்ணிதானே பாப்பா, நான் என்ன மருந்தா கலக்குறேன்? தம்பிக்கு நல்ல சோப்பா வாங்கிப் போடச் சொல்லு." சொன்னதோடு நிற்காமல் ஆளை அனுப்பி நல்ல சோப்பே வாங்கிக் கொடுத்தார். நான் அதை முகர்ந்துகொண்டே வீட்டுக்கு வந்தேன். அம்மா அந்தச் சோப்பைக் கையால்கூடத் தொடவில்லை. அது வெகுநாள் மாடத்திலேயே கிடந்தது.

அப்புறம்தான் மாசி மகம் வந்தது. எங்கள் ஊர்ச் சிவன் கோயிலில் அன்றைக்குத் தீர்த்தவாரி. சூல வடிவத்தில் இருக்கும் சாமியைக் குருக்கள் படித்துறைக்குக் கொண்டுவந்து, அபிஷேகம் செய்து, தண்ணீரில் இறங்கி முழுக்காட்டுவார். சாமியோடு சேர்ந்து, கோயிலில் முதல் மரியாதை வாங்குகிறவர் முங்குவார். அதற்குப் பிறகுதான் ஊர் முங்கும். முதல் மரியாதை என்றைக்கும் பெரியப்பாவுக்கு. குருக்கள் அவர் தலையில் பட்டுத்துணி சுற்றிப் பரிவட்டம் கட்டுவார். அன்று அவர் நடக்கிற நடையே தனி.

அந்த வருஷம் படித்துறைக்குப் போனால் மேல்படியில் ஒரு டிராக்டர் நின்றிருந்தது. அதில் பெரிய அண்டா. மில் போர்செட்டில் இருந்து பிடித்து வந்த சுத்தமான தண்ணீர். போன வருஷம் சாமியோடு இறங்கிய குருக்களுக்குக் கால் முழுக்கக் கொப்புளம் கண்டு, இந்தத் தடவை இறங்கமாட்டேன் என்று கையெடுத்துக் கும்பிட்டுவிட்டாராம். அதனால் சாமிக்கு அண்டாத் தண்ணீரில் ஸ்நானம் என்று ஏற்பாடு. மேளம் வாசித்துக்கொண்டிருந்தார்கள். குருக்கள் சூலத்தை அண்டாவுக்கு நேராகத் தூக்கினார்.

அம்மா தம்பியை இடுப்பில் வைத்துக்கொண்டு, பெண்கள் கூட்டத்தில் இருந்து இரண்டு படி கீழே இறங்கினாள். தலைப்பை இழுத்துப் போர்த்திக்கொண்டாள். என்னைப் பார்த்துத்தான் பேசினாள், ஆனால் படித்துறை முழுக்கக் கேட்டது.

"பெரியப்பாகிட்ட கேளு பாப்பா, சாமி ஏன் வாய்க்கால்ல எறங்கலன்னு."

நான் கேட்டேன். மேளக்காரர் வாசிப்பதை நிறுத்திவிட்டார்.

"தண்ணி கம்மியா இருக்கு, அதான்னு சொல்லு."

"இடுப்பளவு கெடக்கே. ஒரு சூலத்துக்குப் பத்தாதான்னு கேளு."

அம்மா தம்பியின் கால்சட்டையை மேலே ஏற்றி, ஊதா மருந்து பூசிய அவன் கால்களை எல்லாருக்கும் தெரிகிற மாதிரி திருப்பினாள்.

"சாமிக்கு ஆவாத தண்ணி எம் புள்ளைக்கு மட்டும் எப்படி ஆவும்னு கேளு."

நான் கேட்பதற்கு முன்பே கூட்டத்தில் முணுமுணுப்பு கிளம்பிவிட்டது. பெரியப்பாவுக்கு முகம் சிவந்துபோயிற்று. "யாருக்கு ஆவாது?" என்று கத்தினார். கத்தியவர் பட்டு வேட்டியும் பரிவட்டமுமாக விடுவிடுவென்று படி இறங்கிப் போய் அந்தத் தண்ணீரில் முங்கினார். எழுந்தார், மறுபடியும் முங்கினார். மீசையில் உமிச் சாம்பல் ஒட்டியிருந்தது, பரிவட்டம் காது மேல் சரிந்து தொங்கியது. "பாத்துக்கங்க எல்லாரும்! என்ன ஆச்சு எனக்கு? செத்தா போயிட்டேன்?"

ஜெயித்துவிட்டார் என்றே எனக்குத் தோன்றியது. அம்மா மட்டும் தம்பியை அடுத்த இடுப்புக்கு மாற்றிக்கொண்டு, எப்போதும் பேசுகிற குரலில் சொன்னாள்.

"ஒரு நாள் முங்குனா ஒண்ணும் ஆவாது பாப்பா. நாங்க தெனமும்ல முங்குறோம். நாளைக்கும் வரச் சொல்லு பெரியப்பாவ."

யாரோ ஒரு பெண் முதலில் சிரித்தாள். அப்புறம் படித்துறையே சிரித்தது. மேளக்காரர்கூட சிரித்தார். பெரியப்பா ஈரத்தோடு காரில் ஏறிப் போனார். நேராக மில் போர்செட்டுக்குப் போய், சோப்பு பாதியாய்க் கரைகிற வரைக்கும் தேய்த்துக் குளித்ததாக அப்பா பிற்பாடு சொன்னார்.

அன்று சாயங்காலமே மில் வாட்ச்மேன் வீட்டுக்கு வந்து லாரிச் சாவியைக் கேட்டார். அப்பா சட்டைப்பையில் இருந்து எடுத்துக் கொடுத்தார். வாட்ச்மேன் போன பிறகு வெகுநேரம் அப்பா வாசலிலேயே உட்கார்ந்திருந்தார். எனக்குப் பயமாக இருந்தது. அப்பா வேலைக்குப் போகாத நாளை நான் அதுவரை பார்த்ததில்லை.

"கொஞ்சம் பொறுத்திருக்கலாம்ல?" என்றார் அப்பா.

"எது வரைக்கும்? இவன் கால் அழுகுற வரைக்குமா?" என்றாள் அம்மா.

அப்பா தம்பியின் காலைத் தன் மடியில் எடுத்து வைத்துக்கொண்டு களிம்பு பூசினார். மறுநாள் பக்கத்து ஊரில் அறுவடை மிஷின் ஓட்டப் போய்விட்டார். கூலி குறைச்சல், புழுதி அதிகம். இன்றுவரை மில் வேலை போனதைப் பற்றி அவர் அம்மாவைக் குத்திக்காட்டியதில்லை.

அம்மா செய்தது இதுதான். விடிந்ததும் ஒரு பித்தளைத் தட்டைத் துலக்கி எடுத்தாள். வெற்றிலை, பாக்கு, வாழைப்பழம், மஞ்சள், ஒரு குங்குமச் சிமிழ் எல்லாம் வைத்தாள். எங்கள் ஊரில் கல்யாணத்துக்கோ வளைகாப்புக்கோ முறைப்படி அழைக்கப் போகிறவர்கள் இப்படித்தான் தட்டோடு போவார்கள். எனக்குத் தலை பின்னி நல்ல பாவாடை கட்டிவிட்டாள். தெருப் பெண்கள் கொஞ்சம் பேர் குளிக்கப் போகிற துணியும் வாளியுமாகச் சேர்ந்துகொண்டார்கள். நேரே பெரியப்பா வீட்டு வாசலுக்குப் போனோம். சொல்ல வேண்டியதை அம்மா வழியிலேயே எனக்குச் சொல்லிக் கொடுத்திருந்தாள்.

"பெரியப்பா, பெரியம்மா, எங்க படித்துறைக்குக் குளிக்க வாங்க."

பெரியப்பா பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். எங்களைப் பார்த்ததும் பேப்பரால் முகத்தை மூடிக்கொண்டார். உள்ளே இருந்து பெரியம்மா வந்தாள். தட்டைப் பார்த்தாள், அம்மாவைப் பார்த்தாள். அதிகம் பேசாதவள் பெரியம்மா. முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு, இரண்டு கையாலும் தாம்பூலத்தை வாங்கிக்கொண்டாள். எங்கள் நெற்றியில் குங்குமம் வைத்தாள். என் கையில் ஒரு அச்சு முறுக்கைக் கொடுத்தாள். நாங்கள் திரும்பி வந்து அதே நாற்றத் தண்ணீரில் குளித்தோம்.

அடுத்த நாளும் போனோம். அதற்கடுத்த நாளும் போனோம். வெற்றிலைக்குத் தெருவில் முறை வைத்துக்கொண்டார்கள், இன்று இந்த வீடு, நாளை அந்த வீடு என்று. மில்லில் மூட்டை தூக்குகிற ஆண்களின் பெண்டாட்டிகள்கூட, புருஷன் பயந்தாலும் தாங்கள் பயப்படாமல் வந்தார்கள். யாரும் கோஷம் போடவில்லை, யாரும் வையவில்லை. வையாமல் கூப்பிட்டால் போலீசில் என்ன சொல்லி எழுதிக் கொடுப்பது? பெரியப்பாவுக்கு வழியே இல்லை. எங்கள் சத்தம் கேட்டதும் கொல்லைப்பக்கமாக மோட்டார் சைக்கிளை உருட்டிக்கொண்டு போக ஆரம்பித்தார். எனக்கோ தினமும் முறுக்கு. தம்பியின் புண், அப்பாவின் வேலை எல்லாம் மறந்து, காலையில் நானே முதல் ஆளாக எழுந்து தட்டைத் தேடுவேன்.

ஒருநாள் அவரால் கொல்லைப்பக்கம் ஓட முடியவில்லை. வெளியூர் அரிசி வியாபாரி ஒருவர் கூடத்தில் உட்கார்ந்து காபி குடித்துக்கொண்டிருந்தார். தட்டும் கூட்டமும் பார்த்து அவருக்கு ஒரே சந்தோஷம்.

"என்ன பாப்பா விசேஷம்?"

"குளிக்கக் கூப்புட வந்திருக்கோம்."

"குளிக்கவா? எங்க?"

"வாய்க்கால்ல. பெரியப்பா மில்லு தண்ணியில."

வியாபாரி காபியைக் கீழே வைத்தார். அந்த நேரம் பார்த்துப் பெரியம்மா வழக்கம்போல வந்து தட்டுக்குக் கை நீட்டினாள். பெரியப்பாவுக்கு அத்தனை நாள் அடக்கிவைத்திருந்த கோபம் எல்லாம் அவள் மேல் பாய்ந்தது.

"ஏன்டி தெனமும் வாங்கித் தொலைக்கிற?"

"வீடு தேடி வந்த தாம்பூலத்த எப்படிங்க வேணாங்குறது?"

"வாங்கிட்டா வரேன்னுதான்டி அர்த்தம்! அது தெரியல?"

பெரியம்மா தட்டை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டாள். பிறகு தட்டைக் கொண்டுபோய் சாமி அறையில் வைத்துவிட்டு வந்தாள். வரும்போது தோளில் ஒரு துண்டும் கையில் ஒரு கிண்ணத்தில் எண்ணெயும் இருந்தன.

"தெரியும்ங்க. வாங்குனவ நான்தானே. நான் போயிட்டு வரேன்."

சொல்லிவிட்டுச் செருப்பைக்கூட மாட்டாமல் எங்களோடு படி இறங்கினாள். பெரியப்பா அவள் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார், அவள் திரும்பவில்லை. அம்மா வேகமாக நடந்துபோய் அவளுக்குப் பக்கத்தில் சேர்ந்துகொண்டாள்.

அந்த வீட்டில் போர்செட்டும் ஷவரும் வந்த நாளில் இருந்து பெரியம்மா படித்துறைப் பக்கம் வந்ததில்லையாம். கீழ்ப்படியில் நின்று தண்ணீரைப் பார்த்தாள். மூக்கை மூடிக்கொள்வாள் என்று எதிர்பார்த்தேன், மூடவில்லை. தம்பி மேல்படியில் உட்கார்ந்து காலைச் சொறிந்துகொண்டிருந்தான். அவன் காலைப் பிடித்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். பார்த்துவிட்டுத் தலையில் எண்ணெய் வைத்துக்கொண்டு, இறங்கி, எங்களைப் போலவே முங்கினாள். சாம்பல் அவள் நரைமுடியில் ஒட்டியது. அம்மா அவளுக்கு முதுகு தேய்த்துவிட்டாள். "அக்கா, போதும், ஏறுங்கக்கா" என்று சொல்லி அவள் கையைப் பிடித்து இழுத்தாள். "நீங்கல்லாம் குளிச்சு முடிங்க, ஏறுறேன்" என்றாள் பெரியம்மா.

எனக்கு அழுகையே வந்துவிட்டது. நாங்கள் அழைத்தது பெரியப்பாவை. புண் வர வேண்டியது அவருக்கு. முறுக்கு கொடுக்கிற பெரியம்மாவைப் பிடித்து இதில் முக்கி என்ன லாபம்? "பெரியப்பாதானே வரணும், இவங்க எதுக்கு வந்தாங்க?" என்று படித்துறையில் நின்று கத்தினேன். அம்மா என் வாயைப் பொத்தினாள். நாம் தோற்றுவிட்டோம் என்று தம்பியிடம் ரகசியமாகச் சொன்னேன்.

அதற்குப் பிறகு பெரியம்மா தன் வீட்டுக் குளியலறையில் குளிக்கவே இல்லை, தினமும் எங்களோடு வந்தாள். அவள் கையிலும் கழுத்திலும் அரிப்பு வந்தது. அந்தக் கையாலேயே பெரியப்பாவுக்குச் சாதம் போட்டாள். கோடை உழவு தொடங்குவதற்கு முன்பே மில்லுக்குப் பின்னால் இருந்த தென்னந்தோப்பில் அந்தத் தண்ணீரை விடப் பெரிய பெரிய தொட்டிகள் வெட்டினார்கள். வாய்க்காலுக்கு வந்த சிமெண்டுக் குழாயின் வாயைச் செங்கல் வைத்து அடைத்தார்கள். யார் சொல்லி அடைத்தது என்று பெரியப்பா யாரிடமும் சொல்லவில்லை. அப்பாவை அவர் திரும்பக் கூப்பிடவும் இல்லை, கூப்பிட்டிருந்தாலும் அப்பா போயிருக்கமாட்டார். உமிச் சாம்பல் இன்றும் காற்றில் பறந்து வந்து எங்கள் துணிகளில் விழுகிறது. அதற்கும் ஒருநாள் தட்டு எடுக்க வேண்டும் என்று அம்மா சொல்லிக்கொண்டிருக்கிறாள்.

ஆனால் எனக்கு நினைவில் நிற்பது பெரியம்மா முதன்முதலாகக் குளித்துவிட்டுத் திரும்பிய அந்தக் காலைதான். துண்டு இருந்தும் அவள் தலையைத் துவட்டிக்கொள்ளவில்லை. கொல்லை வழியாகப் போயிருக்கலாம், போகவில்லை. ஈரப் புடவையும் சாம்பல் ஒட்டிய தலையுமாக, மில் வாசல் இருக்கிற பெரிய தெரு வழியாகவே நடந்தாள். அம்மா அவள் கையைப் பிடித்திருந்தாள். நடந்த இடமெல்லாம் அந்தத் தண்ணீர் சொட்டிக்கொண்டே போனது. லாரியில் மூட்டை ஏற்றிக்கொண்டிருந்தவர்கள் மூட்டையை இறக்கி வைத்துவிட்டு ஓரமாக நின்றார்கள். மில் கேட்டில் பெரியப்பா நின்றுகொண்டிருந்தார், வியாபாரியும் கூட இருந்தார். பெரியம்மா அவர்களுக்கு நேராக வந்தாள், நடை நிற்கவில்லை. பெரியப்பா எதையோ சொல்ல வாய் திறந்தார். அப்புறம் தலையைக் குனிந்துகொண்டு வழியை விட்டு நகர்ந்தார். பின்னால் வெறுங்கையோடு நடந்துவந்த நான், நாற்றம் தாங்காமல்தான் ஒதுங்குகிறார் என்று அப்போது நினைத்தேன்.